கணினி விமானம் வாங்குமுன் கவனிக்க வேண்டியவை

விமானியாகும் கனவோடு வீட்டுக் கணினியில் பறந்து பழகும் பிள்ளைகள் பல குடும்பங்களில் உண்டு. மைக்ரோசாஃப்ட் ஃபிளைட் சிமுலேட்டர், எக்ஸ்-பிளேன் ஆகியவற்றுக்குத் தனியாக விற்கப்படும் பயணிகள் விமானங்கள் சில, இருநூறு வெள்ளிக்கும் மேல் விலை போகின்றன. படத்தின் அழகை மட்டும் பார்த்துப் பணம் கட்டினால் ஏமாற்றமே மிஞ்சும். வாங்குமுன், அதே விமானத்தில் ஒரு முழுப் பயணத்தைக் காட்டும் காணொளியைப் பார்ப்பது நல்லது. அதில் கவனிக்க வேண்டியவை நான்கு.

முதலாவது, தரையில் விமானம் உயிர்பெறும் விதம். உண்மையான விமானத்தில் மின்கலம், துணை இயந்திரம், எரிபொருள் பம்பு, பிறகு முதன்மை இயந்திரங்கள் என்று வரிசை உண்டு. திசையறியும் கருவி தயாராகவே சில நிமிடங்கள் பிடிக்கும். ஒரு படியைத் தவறவிட்டாலும் எதுவும் நடக்காவிட்டால், அது வெறும் பொம்மை.

இரண்டாவது, கையால் ஓட்டும்போது அது நடந்துகொள்ளும் முறை. ஏர்பஸ் ஏ320 விமானத்தை 20 பாகை சாய்த்துக் கைப்பிடியை விட்டால், அது அதே சாய்வில் நிற்க வேண்டும். கைப்பிடியை முழுவதும் ஒரு பக்கம் தள்ளிப் பிடித்தாலும் 67 பாகையைத் தாண்டக்கூடாது.

மூன்றாவது, இறக்கம். கோலாலம்பூரிலிருந்து பினாங்குக்கு 24,000 அடி உயரத்தில் பறந்தால், சுமார் 70 முதல் 80 கடல் மைலுக்கு முன்பே கீழிறங்கத் தொடங்க வேண்டும். ஓடுபாதையை நெருங்கும்போது 140 நாட் வேகத்தில், நிமிடத்துக்கு ஏறக்குறைய 700 அடி இறங்குவதே சரியான கணக்கு.

நான்காவது, வீட்டுக் கணினியின் வலு. நடுவானில் சீராக ஓடும் விமானம், பெரிய விமான நிலையத்தில் மழையோடு தரையிறங்கும்போது திக்கித் திக்கி ஓடலாம். தயாரிப்பாளர் கேட்கும் கணினித் தகுதியையும், பணம் திரும்பக் கிடைக்குமா என்பதையும் முன்கூட்டியே பார்த்துக்கொள்ள வேண்டும்.

மைக்ரோசாஃப்ட் மென்பொருளுக்கு, ஃபிளைபைவயர் குழுவினர் ஏ320நியோ விமானத்தை இலவசமாகவே வழங்குகின்றனர். அதில் பழகிய பிறகு, கட்டண விமானம் தேவையா என்று முடிவெடுக்கலாம்.

வீட்டுக் கணினியில் பறந்த மணி நேரம் விமானி உரிமத்துக்குக் கணக்கில் சேராது. ஆனால், ஒவ்வொரு விசையும் எதற்கு என்று விளங்கிக்கொண்ட பிள்ளைக்கு, பயிற்சிப் பள்ளியின் முதல் பாடம் அந்நியமாக இராது.