முந்நூறு யூரோவில் லாபம் எவ்வளவு?



நம் சபையின் அறுப்பின் பண்டிகையில் வாலிபர் ஐக்கியம் வடை, சமோசா, டீ விற்றது உங்களுக்கு நினைவிருக்கும். சாமான் எல்லாவற்றையும் ஒரு அக்கா தன் கைக்காசில் வாங்கித் தந்தார். "வாங்கின விலைக்கு மேல் 20 சதவீதம் லாபம் வைத்து விலை போடுங்கள். லாபம் முழுவதும் மிஷனெரி காணிக்கைக்கு" என்றார். அப்படியே செய்தோம். எல்லாம் விற்றுத் தீர்ந்தது. மாலையில் எண்ணினால் பெட்டியில் சரியாக 300 யூரோ.

உடனே கணக்குப் போட்டோம். 300இல் 20 சதவீதம் 60. அறுபதைக் காணிக்கைக் கவரில் போட்டு, மீதி 240ஐ அக்காவிடம் கொடுத்தோம். அவர் எண்ணிக்கூடப் பார்க்காமல் பையில் வைத்துக்கொண்டார்.

அடுத்த வாரம் ரசீதுகளை ஃபைலில் சேர்க்கும்போதுதான் தெரிந்தது, அவர் செலவழித்தது 250 யூரோ. பத்து யூரோ குறைவாகக் கொடுத்திருக்கிறோம்! கேட்டபோது, "பரவாயில்லம்மா, கர்த்தருக்குத்தானே" என்றார். எங்களுக்கு மனம் ஒப்பவில்லை. அவர் மனமுவந்து கொடுத்தால் அது காணிக்கை. நாம் தப்புக் கணக்குப் போட்டு எடுத்தால் அதற்கு வேறு பெயர்.

தப்பு எங்கே? 20 சதவீதம் என்பது வாங்கின விலையின் மேல் வைத்தது. நாங்கள் அதை விற்ற விலையில் கழித்துவிட்டோம். விற்ற விலைக்குள் லாபமும் சேர்ந்தே இருக்கிறது அல்லவா?

சரியான வழி இது. வாங்கின விலையை 100 என்று வையுங்கள். 20 லாபம் சேர்ந்தால் விற்ற விலை 120. ஆகவே விற்ற விலையை 120ஆல் வகுத்து 100ஆல் பெருக்க வேண்டும். 300ஐ 120ஆல் வகுத்தால் 2.5, நூறால் பெருக்கினால் 250. அதுதான் அடக்க விலை. லாபம் 50. திருப்பிச் சரிபாருங்கள்: 250க்கு 20 சதவீதம் 50, கூட்டினால் 300. லாபம் 25 சதவீதம் என்றால் 125ஆல் வகுங்கள். 20 சதவீதம் நஷ்டம் என்றால் 80ஆல்.

சில வியாபாரிகள் லாபத்தை விற்ற விலையின் சதவீதமாகச் சொல்வார்கள். அப்போது கழிப்பதே சரி. ஆகையால் முதலில் கேட்க வேண்டியது, "எதில் சதவீதம்?"

இங்கே ஜெர்மனியில் கடை ரசீதும் இதே கணக்குதான். 119 யூரோ ஷூவில் 19 சதவீத வரி அடங்கியிருக்கிறது. 119ஐ 1.19ஆல் வகுத்தால் ஷூவின் விலை 100, வரி 19. நேரே 119இல் 19 சதவீதம் எடுத்தால் 22.61 என்று தப்பாக வரும்.

நாம் வாழும் லைப்சிக் இந்தக் கணக்குக்குப் பழைய ஊர். 1489இல் யோஹன்னஸ் விட்மன் வியாபாரிகளுக்காக எழுதிய கணக்குப் புத்தகம் இங்கேதான் அச்சானது. மூன்று எண்கள் தெரிந்தால் நான்காவதைக் கண்டுபிடிக்கும் முறையை அதில் கற்றுக்கொடுத்தார். நாம் இப்போது போட்டதும் அதே முறைதான். கூட்டல், கழித்தல் குறிகள் அச்சில் வந்த மிகப் பழைய புத்தகமும் அதுவே.

நர்ஸ் வேலை பார்க்கும் எங்களுக்கு இந்தக் கேள்வி புதிதல்ல. சலைன் பாட்டிலில் 0.9 சதவீதம் என்றால் 100 மில்லியில் 0.9 கிராம் உப்பு. எதில் எவ்வளவு என்று தெரியாமல் மருந்தைத் தொடமாட்டோம். வார்டில் இருந்த அந்தக் கவனம் வடைக் கடையில் இல்லாமல் போயிற்று.

நீதிமொழிகள் 11ஆம் அதிகாரம் கள்ளத்தராசைப் பற்றிச் சொல்லித்தான் தொடங்குகிறது. வேண்டுமென்று செய்யாவிட்டாலும், தராசு சாய்ந்தது சாய்ந்ததுதானே?

கவர் ஏற்கெனவே போய்விட்டதால் எங்களுக்குள் பத்து யூரோ சேர்த்து அக்காவிடம் கொடுத்தோம். முதலில் மறுத்தார், பிறகு வாங்கிக்கொண்டார். அடுத்த ஞாயிறு அந்தப் பத்து யூரோவைத் தாமே காணிக்கைப் பையில் போட்டார். இப்போது அது அவருடைய காணிக்கை.