கரிமம் கூறும் சான்று

விரைவோட்டத்தில் தடைசெய்யப்பட்ட ஊக்கப்பொருள்களை ஆய்வுநோக்கில் இருவகையாகப் பகுக்கலாம்: உடல் ஒருபோதும் ஆக்காத அயற்பொருள் ஒன்று, உடலும் ஆக்குகின்ற, வெளியிலிருந்தும் செலுத்தக்கூடிய தன்பொருள் மற்றொன்று. அயற்பொருளுக்கு அதன் இருப்பே சான்று. 1988-இல் சியோல் ஒலிம்பிக்கில் 100 மீட்டரை 9.79 நொடியில் கடந்த கனடாவின் பென் சான்சனது சிறுநீரில் சுடானோசோலோலின் சிதைபொருள் காணப்பட்டதும் அவரது வெற்றி பறிக்கப்பட்டது. வளிமப் பிரிகையால் கலவையைத் தனித்தனியாக்கி, நிறை நிறமாலைமானியால் மூலக்கூற்றுத் துணுக்குகளை அளந்து பொருளை அடையாளங் காணும் முறை அதனைக் காட்டிற்று. தேடும் பொருள் இன்னதென்று தெரிந்திருக்கும்வரை அம்முறை நம்பத்தக்கது. தெரியாதபடி புதிதாக வடிக்கப்பட்ட டெட்ரா ஐதரோகெசுட்ரினோன், ஒரு பயிற்றுநர் அனுப்பிய ஊசிக்குழலில் எஞ்சியிருந்த துளியைக் கொண்டே 2003-இல் வெளிப்பட்டது.

அரிய சிக்கல் தன்பொருளில்தான். டெசுடோசுடீரோன் என்னும் ஆண்மைச் சுரப்புநீர் எவ்வுடலிலும் உண்டு. ஆளுக்கு ஆள் அளவு வேறுபடுவதால் மிகுதி எதுவென வரையறுத்தல் எளிதன்று. ஒரே ஓர் அணுக்குழுவின் திசையில் மட்டும் அதனின் மாறுபட்ட எபிடெசுடோசுடீரோன், ஊசி வழியே டெசுடோசுடீரோனைச் செலுத்தினாலும் உயர்வதில்லை. ஆதலின் இரண்டின் தகவு 4-ஐத் தாண்டினால் ஐயம் எழும். ஆயினும் டெசுடோசுடீரோனைச் சிறுநீருக்கு அனுப்பத் துணைசெய்யும் நொதியொன்றின் மரபணு கிழக்காசியர் பலர்க்கு இல்லை. அவர்தம் தகவு இயல்பிலேயே தாழ்ந்திருப்பதால், ஊசியிட்ட பின்னும் அது வரம்பைத் தொடாமற் போகலாம்.

எனவே ஆய்வாளர் மூலக்கூற்றின் வடிவை விட்டு, அதனைக் கட்டிய கரிமத்தையே நோக்கினர். கரிம அணுக்களில் நூற்றுக்கு ஏறத்தாழ ஒன்று, நொதுமி ஒன்று மிகுந்த கரிமம்-13. ஒளிச்சேர்க்கையின்போது சோயா இதனைப் பெரிதும் ஒதுக்கும். கரும்பும் மக்காச்சோளமும் அத்துணை ஒதுக்கா. பல்வகை உணவால் வளர்ந்த உடலின் சுரப்புநீரில் கரிமம்-13 சற்றே கூடுதல். சோயாவின் கொழுப்பிலிருந்து செயற்கையாக ஆக்கப்பட்ட டெசுடோசுடீரோனில் சற்றே குறைவு. ஆயிரத்தில் சில கூறுகளேயான இவ்வேறுபாட்டை, அதே சிறுநீரில் உள்ள, ஊசி தொடாத வேறொரு சுரப்புப்பொருளோடு ஒப்பிட்டு அளக்கின்றனர். ஒருவரை அவரோடே ஒப்பிடும் இம்முறையை, இத்துறையின் மிக நேர்மையான அளவுகோல் என்பேன். 2006-இல் அமெரிக்காவின் சசுட்டின் காட்லின் சிக்கியது இதனால்தான். தோகாவில் உலகச் சாதனைக்கு இணையாக அவர் ஓடிய 9.77 நொடியும் நீக்கப்பட்டது.

செயற்கை ஆக்கங்கள் சிலவற்றின் கரிமத் தகவு உடலினதை நெருங்கி நிற்பதும் உண்டு. அவற்றுக்கு இக்கருவியும் போதாது. இதற்குத் துணையாக, 2014 முதல் சோதிக்கப்படும் ஓட்டவீரர் ஒவ்வொருவரின் சுரப்புத் தகவுகளும் ஆண்டுக்கணக்கில் தொடர்ந்து பதிவாகி வருகின்றன.