தோரு தத் அம்மையாரின் கடித நட்பு

கல்கத்தாவில் 1856-ஆம் ஆண்டு பிறந்த தோரு தத் அம்மையார், பிரெஞ்சுக் கவிதைகளை ஆங்கிலத்திற் பெயர்த்து 1876-இல் வெளியிட்டார். கேம்பிரிட்ஜில் வாய்த்த தோழி மேரி மார்ட்டினுக்குத் தோட்டம், குதிரை, கற்ற நூல் யாவற்றையும் பற்றிக் கடிதம் வரைந்து வந்தார். பிரெஞ்சு எழுத்தாளர் கிளாரிஸ் பாதேர் அம்மையாரையோ அவர் கண்டதேயில்லை. நம் ஆரணிப் பட்டை உடுப்போர் நெய்தோரைக் காண்கின்றனரா? பாதேர் பண்டை இந்தியப் பெண்டிரைக் குறித்து இயற்றிய நூலை மொழிபெயர்க்க இசைவு வேண்டி, 1877-இல் தோரு எழுதிய கடிதமே நட்பாக மலர்ந்தது. அவ்வாண்டு ஆகஸ்டு 30-ஆம் நாள், காசநோயால், தம் 21-ஆம் வயதில் தோரு மறைந்தார், அம்மொழிபெயர்ப்பு நிறைவேறவில்லை. அவருடைய தாள்களிடையே தந்தையார் கண்டெடுத்த பிரெஞ்சு நவீனம் 1879-இல் பாரிஸில் வெளிவந்தபோது, அதற்கு முகவுரை வரைந்தவர் பாதேரே. மார்ட்டின் பேணிக் காத்த கடிதங்கள் 1921-இல் நூலேறின.