திமிங்கிலத்தை விழுங்கும் திமிங்கிலம்

'திமி' என்பது ஒரு பெருமீன். அதனை விழுங்குவது திமிங்கிலம். அதனையும் விழுங்குவது திமிங்கிலகிலம் என்று அகராதி கூறும். இதனைப் புனைந்துரையென வகுப்பில் தள்ளிவிடுதல் பொருந்தாது.

கொலைத் திமிங்கிலம் எனப்படும் ஓர்க்கா, டால்பின் குடும்பத்தைச் சேர்ந்ததேயாயினும், கூட்டமாய்ச் சென்று நீலத் திமிங்கிலத்தையே கொன்று தின்னும். மேற்கு ஆஸ்திரேலியக் கடலில் 2019-ஆம் ஆண்டு இது நேரிற் காணப்பட்டது.

இத்தகைய வேட்டை புதிதன்று. எகிப்தில் வாடி அல் ஹித்தான் என்னும் பாலைநிலத்தில், ஏறத்தாழ 4 கோடி ஆண்டுகட்கு முன் வாழ்ந்த பசிலோசாரஸ் என்னும் திமிங்கிலத்தின் எலும்புகள் உள்ளன. நீளம் 15 மீட்டருக்கும் மேல். அதன் வயிறு இருந்த இடத்தில், டோருடோன் என்னும் சிறு திமிங்கிலத்தின் குட்டிகளுடைய எலும்புகள் கிடந்தன; அவற்றின் மண்டையோடுகளில் பற்குறிகளும் இருந்தன. 2019-இல் வெளியான ஆய்வு இதனைத் தெளிவாக்கிற்று. ஓர்க்கா இதன் நேர்வழித் தோன்றல் அன்று. கிளை வேறு, உணவு ஒன்று.

பெயர்தான் விந்தை! 1834-இல் ஹார்லான் என்பார், அமெரிக்காவிற் கிடைத்த எலும்பை ஊர்வனவற்றின் எலும்பெனக் கருதி, 'பல்லியரசன்' என்னும் பொருள்படப் பெயரிட்டார். பற்களுக்கு இரட்டை வேர் இருத்தல் கண்டு, அது பாலூட்டியே என ஓவன் 1839-இல் நிறுவினார். ஆயினும், முதலில் இட்ட பெயரே நிற்கும் என்பது விலங்கியலார் விதி.