பார்த்தவர் சொல்

அத்தியாயம் 14

கரியாலூர் போலீஸ் ஸ்டேஷனில் ஒரு கொலை வழக்கு பதிவானால், அந்த எஃப்.ஐ.ஆர். கல்வராயன் மலையை விட்டு இறங்கி மாஜிஸ்திரேட் கைக்குப் போய்ச் சேர வேண்டும். வந்த தேதியையும் நேரத்தையும் அவர் அதன் மேலேயே குறித்துக் கையெழுத்துப் போடுவார். எதிரித் தரப்பு வக்கீல் கட்டைப் பிரித்ததும் முதலில் தேடுவது அந்த ஒற்றை வரியைத்தான். நேரம் தள்ளிப்போயிருந்தால், “இடையில் சாட்சியை ஜோடித்துவிட்டார்கள்” என்று வாதம் தொடங்கிவிடும்.

தாமதம் எப்போதும் எதிரிக்கே சாதகமாகிவிடுவதில்லை. கள்ளக்குறிச்சி மாவட்டத்து மூங்கில்துறைப்பட்டை எடுத்துக்கொள்வோம். விருத்தாசலம் பக்கத்துப் புதுக்கூரைப்பேட்டை முருகேசனும் கண்ணகியும் சாதி மீறிப் பதிவுத் திருமணம் செய்துகொண்டார்கள். பயத்தில் கண்ணகியை முருகேசன் தங்கவைத்தது இங்கே, உறவினர் வீட்டில். தேடி வந்தவர்கள் அவரை ஊருக்குக் கொண்டுபோனார்கள். 2003 ஜூலை 8 அன்று இருவருக்கும் விஷம் ஊற்றிக் கொன்று, உடல்களை எரித்தார்கள்.

எஃப்.ஐ.ஆர். பதிவானதோ ஜூலை 17-ல்.

புகார் கொடுக்கப் போனவர்கள் தாமதிக்கவில்லை. போலீஸ்தான் வாங்க மறுத்தது. வழக்கு சி.பி.ஐ.க்குப் போய், 2021 செப்டம்பரில் கடலூர் நீதிமன்றம் 13 பேரைத் தண்டித்தது. அதில் இரண்டு பேர் போலீஸ் அதிகாரிகள். இதற்கிடையில் சாட்சிகள் பலர் பிறழ்ந்துவிட்டார்கள். மிஞ்சியவர்களில் முக்கியமானவர்கள் முருகேசனின் குடும்பத்தார். சொந்தக்காரர் என்பதற்காகவே ஒருவர் சொல்லைத் தள்ள முடியாது என்றது உச்ச நீதிமன்றம், 2025 ஏப்ரல் 28 அன்று. பிள்ளையைக் காணாமல் பதறி ஓடி வருவது பெற்றவர்கள்தானே? வழிப்போக்கன் எதற்கு அங்கே நிற்கப் போகிறான்!

தலைக்கணக்கும் செல்லாது. 1955-ல் முத்துப்பேட்டை டீக்கடையில் நடந்த கொலையில், பார்த்ததாகச் சொன்னவர் இறந்தவரின் மனைவி ஒருவர் மட்டுமே. அந்த ஒரு சொல்லை நம்பித் தூக்குத் தண்டனையையே உறுதிசெய்தது உச்ச நீதிமன்றம். ‘வடிவேலு தேவர்’ வழக்கு என்ற பெயரில் 1957-ல் வந்த அந்தத் தீர்ப்பை இன்றும் வக்கீல்கள் எடுத்துக்காட்டுகிறார்கள்.

சரி, கீழ்க்கோர்ட் அந்தச் சாட்சியை நம்பாமல் எதிரியை விடுதலை செய்துவிட்டால்?

மேல்முறையீடு செய்யலாம். ஆனால் மேடு செங்குத்தானது. சாட்சி கூண்டில் நின்றபோது எச்சில் விழுங்கியதையும், கேள்விக்குக் கேள்வி வக்கீலைத் திரும்பிப் பார்த்ததையும் கண்டவர் செஷன்ஸ் நீதிபதி. உயர் நீதிமன்றத்துக்குப் போவது டைப் அடித்த வாக்குமூலம் மட்டும்தான். அதனால்தான் 1934-லேயே பிரிவி கவுன்சில், மறு ஆய்வுக்கு முழு அதிகாரம் உண்டு, ஆனால் அவசரப்பட்டுக் கை வைக்காதே என்றது. சாட்சியத்தை இரண்டு விதமாகப் பார்க்க இடமிருந்தால் விடுதலை நிற்கும் என்று 2007-ல் ‘சந்திரப்பா’ வழக்கிலும் சொல்லப்பட்டது.

கோகுல்ராஜ் என்ற இளைஞரின் கொலை வழக்கில் இந்த எச்சரிக்கை கண்முன்னே தெரிந்தது. 2015 ஜூன் 23 அன்று திருச்செங்கோடு அர்த்தநாரீஸ்வரர் கோயிலில் அவருடன் இருந்த தோழி, விசாரணையில் பிறழ் சாட்சியானார். உயர் நீதிமன்றமே அவரை மறுபடி வரவழைத்தது. சி.சி.டி.வி. பதிவில் இருக்கும் பெண் தான் இல்லை என்றார் அவர். நீதிபதிகள் எம்.எஸ். ரமேஷும் என். ஆனந்த் வெங்கடேஷும் 2023 ஜனவரியில் மலையேறிக் கோயிலையும் கேமரா இருந்த இடங்களையும் நேரில் பார்த்தார்கள். காகிதத்தோடு நின்றுவிடாத நீதிபதிகள்! அந்த ஜூன் 2-ல் பத்துப் பேர் மீதான குற்றத் தீர்ப்பை உறுதிசெய்த அவர்களே, விடுதலையான ஐந்து பேருக்கு எதிரான மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தார்கள்.

அந்த மேல்முறையீட்டைப் போட்டவர் கோகுல்ராஜின் தாய். 2009 டிசம்பர் 31-க்கு முன்னால் அவரைப் போன்றவர்களுக்கு அந்த வழியே கிடையாது. அரசு போட்டால்தான் உண்டு. குடும்பத்தார் சீராய்வு மனுவோடு நிற்க வேண்டியதுதான். அதில் உயர் நீதிமன்றம் விடுதலையை நேரடியாகத் தண்டனையாக மாற்ற முடியாது. இப்போது அரசுக்குத்தான் முன் அனுமதி தேவை, பாதிக்கப்பட்டவருக்குத் தேவையில்லை. 2018-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது இது.

வெள்ளிமலைப் பக்கத்து வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. பழங்குடியினர், பட்டியல் சாதியினர், பெண்கள் ஆகியோருக்கு வருமான வரம்பு பார்க்காமல் சட்டப்பணிகள் குழு இலவச வக்கீலை அமர்த்தித் தரும். விடுதலைத் தீர்ப்பு வந்த அன்றே தீர்ப்பு நகலுக்கு மனுப் போட்டுவிடுங்கள்.

(தொடரும்)