நாய்க்குட்டியும் நகர வாழ்வும்

திருவண்ணாமலை மாவட்டம் எடுத்தனூரில் கிடைத்த நடுகல்லைத் தமிழ் பயிலும் மாணவர் பலரும் அறிவர். மகேந்திரவர்ம பல்லவன் காலத்தில், அதாவது கி.பி. ஏழாம் நூற்றாண்டில், ஆநிரை காத்து மாண்ட கருந்தேவக்கத்தி என்னும் வீரனுக்காக எடுக்கப்பட்ட கல் அது. வீரனின் உருவத்தோடு அவன் வளர்த்த நாயின் உருவமும் அதில் செதுக்கப்பட்டுள்ளது. கோவிவன் என்பது அந்நாயின் பெயர். தலைவன் வீழ்ந்த பின்னும் கள்வர் இருவரைக் கடித்துக் காவல் நின்றது என்பது அக்கல் தரும் செய்தி. நாய்க்கும் பெயர் பொறித்துப் பெருமை செய்த பண்பாடு நம்முடையது என்று நாம் மகிழ்வதில் தவறில்லை. ஆயினும் அந்நாய் எதற்காகப் போற்றப்பட்டது என்பதை நாம் எண்ணிப் பார்த்தல் வேண்டும். அயலாரைக் கண்டதும் பாய்ந்து கடித்ததற்காகவே அது போற்றப்பட்டது.

அதே குணத்தை இன்றைய சென்னையின் அடுக்குமாடிக் குடியிருப்பு ஒன்றில் வைத்துப் பார்ப்போம். அங்கே ஒரு நாளில் வாசற்கதவைத் தட்டுவோர் பெரும்பாலும் அயலாரே. எரிவாயு உருளை கொணர்பவர், தலைக்கவசத்தைக் கழற்றாமலே உணவுப் பொதியை நீட்டும் இளைஞர், மேல்மாடிக்குச் செல்ல மின்தூக்கியில் உடன் நிற்கும் முதியவர், மாலையில் படிக்கட்டில் ஓடியாடும் சிறுவர் ஆகிய இத்தனை பேரையும் பகைவராகக் கருதும் நாயுடன் அங்கு வாழ்தல் இயலாது. 2024 மே மாதத்தில் சென்னை ஆயிரம் விளக்குப் பகுதியிலுள்ள மாநகராட்சிப் பூங்காவில் ஐந்து வயதுச் சிறுமி ஒருத்தியை இரண்டு ராட்வைலர் நாய்கள் கடித்துக் கொடுங்காயம் விளைவித்த நிகழ்ச்சி நம் நெஞ்சை விட்டு அகலவில்லை. அதன்பின் எழுந்த விவாதங்களில் எந்த இனத்தைத் தடை செய்வது என்பதே பெரிதும் பேசப்பட்டது. குட்டிப் பருவத்தில் அவ்விலங்கு எவ்வாறு வளர்க்கப்படுகிறது என்ற வினா பின்னுக்குத் தள்ளப்பட்டது. அவ்வினாவையே ஈண்டு நாம் எடுத்துக்கொள்கின்றோம்.

வளர்ப்பு விலங்கைப் பழக்குதல் என்றவுடன் உட்கார், எழு, கைகொடு என்று கட்டளைகளுக்குப் பணியச் செய்வதே பலர் நினைவுக்கு வரும். அது வேறு. நாம் கூற வருவது, தான் வாழப்போகும் உலகத்தின் மனிதர்கள், ஒலிகள், பொருள்கள் ஆகியவை அஞ்சத்தக்கவை அல்ல என்று குட்டி அறிந்துகொள்ளும் பழக்கம். முன்னதை எந்த வயதிலும் கற்பிக்கலாம். பின்னதற்கு ஒரு காலவரையறை உண்டு. இவ்வுண்மையை உலகறியச் செய்தவர்களுள் முதன்மையானவர்கள் ஜான் பால் ஸ்காட், ஜான் புல்லர் என்னும் அமெரிக்க அறிஞர் இருவர். மெய்ன் மாநிலத்தின் பார் ஹார்பர் என்னும் ஊரிலுள்ள ஜாக்சன் ஆய்வகத்தில் ஐந்து இன நாய்களைப் பல்லாண்டுகள் வளர்த்து ஆராய்ந்து, தம் முடிவுகளை 1965இல் நூலாக வெளியிட்டனர்.

அவ்வாய்வகத்தில் நிகழ்ந்த சோதனை ஒன்றைச் சற்று விரிவாகவே காண்போம். 1961இல் 'சயன்ஸ்' இதழில் வெளிவந்தது அது. உயர்ந்த வேலியிட்ட திறந்த வெளியில் தாய் நாய்கள் குட்டிகளை ஈன்று வளர்த்தன. மனிதர் எவரும் அக்குட்டிகளுடன் பழகவில்லை. பின்னர் சில குட்டிகளை இரண்டாம் வாரத்திலும், சிலவற்றை மூன்றாம் வாரத்திலும், ஏனையவற்றை ஐந்து, ஏழு, ஒன்பதாம் வாரங்களிலுமாக எடுத்துவந்து ஒரே ஒரு வாரம் மட்டும் மனிதருடன் பழகவிட்டு மீண்டும் வேலிக்குள் விட்டனர். மூன்றாம் வாரக் குட்டிகள் மனிதரைக் கண்டதும் தயக்கமின்றி நெருங்கின. ஐந்தாம் வாரக் குட்டிகள் சற்றே தயங்கிப் பின் நெருங்கின. அடுத்தடுத்த வாரங்களில் வந்தவற்றிடம் அச்சம் படிப்படியாக மிகுந்திருந்தது. பதினான்கு வாரங்கள் வரை மனித வாடையே அறியாது வளர்ந்த குட்டிகளோ காட்டு விலங்குகள் போலவே நடந்துகொண்டன. பின்னர் எவ்வளவு முயன்றும் அவை இயல்பான வளர்ப்பு நாய்களாகவில்லை. தாய் அதே தாய். இனமும் அதே இனம். வேறுபட்டது வாரக்கணக்கு மட்டுமே.

இதன் காரணத்தையும் அறிஞர் விளக்கியுள்ளனர். குட்டிக்குக் கண் திறப்பது ஏறத்தாழ இரண்டாம் வாரத்தில். காது கேட்கத் தொடங்குவது அதனையொட்டி. மூன்றாம் வாரம் முதல் உலகத்தை அறியும் ஆவல் பொங்கி எழுகிறது. அச்சவுணர்ச்சி அப்போது இன்னும் முதிரவில்லை. ஐந்தாம் வாரமளவில் தலைகாட்டும் அச்சம் நாளடைவில் வளர்ந்து, பன்னிரண்டாம் வாரத்தையொட்டி ஆவலை மிஞ்சிவிடுகிறது. ஆகவே மூன்று வாரம் முதல் பன்னிரண்டு வாரம் வரை, சில குட்டிகளுக்குப் பதினான்கு வாரம் வரை, எவற்றைக் கண்டும் கேட்டும் தீங்கில்லை என்று உணர்கிறதோ அவற்றையெல்லாம் தன் உலகத்தின் உறுப்பாக அது ஏற்றுக்கொள்கிறது. அப்போது அறிமுகமாகாதவை பின்னாளில் ஐயத்துக்குரியவை ஆகின்றன. பூனைக்கு இக்காலம் இன்னும் குறுகியது. இரண்டு முதல் ஏழு வாரம் வரையே அது. பூனைக்குட்டியின் தந்தை எனப் பொருள்படும் பெயரால் வழங்கப்பெறும் நபித்தோழர் அபூஹுரைரா (ரலி) அவர்களைப் போல் பூனையிடம் அன்புடையோர் நம்மில் பலர். தெருவில் கண்ட மூன்று மாதப் பூனைக்குட்டி சீறுகிறதே என்று அவர்கள் வருந்துவதுண்டு. அது நன்றியின்மையன்று, பழகும் காலம் பெரும்பாலும் கடந்துவிட்டது.

இங்கேதான் நம் நகரங்களில் பெருஞ்சிக்கல் ஒன்று எழுகின்றது. விற்பனையாளர் பலர் முப்பது, நாற்பது நாட்களிலேயே குட்டியைத் தாயிடமிருந்து பிரித்து விற்றுவிடுகின்றனர். எட்டு வாரம் நிறையாத குட்டியை விற்றலாகாது என்று 2017ஆம் ஆண்டின் நாய் வளர்ப்பு, விற்பனை விதிகள் கூறுகின்றன. அவ்விதி வெறும் இரக்கத்தால் எழுந்ததன்று. கடியை அளந்து கடிக்கக் குட்டி கற்றுக்கொள்வது தாயிடமும் உடன்பிறந்தவற்றிடமுமே. விளையாட்டில் மிகுதியாகக் கடித்தால் மற்றொரு குட்டி வீறிட்டு விலகிவிடும், விளையாட்டு நின்றுபோகும். இப்பாடம் கற்காது முந்திப் பிரிந்த குட்டி வீட்டாரின் கையைப் பதம் பார்ப்பதில் வியப்பில்லை.

சிக்கலின் மறுபாதி தடுப்பூசியைப் பற்றியது. பார்வோ, டிஸ்டெம்பர் போன்ற கொடிய நோய்களுக்கான ஊசித்தொடர் முடியும்வரை, அதாவது ஏறத்தாழ நான்கு மாதம் வரை, குட்டியை வெளியே கொண்டுபோகாதீர் என்று பல ஆண்டுகளாகச் சொல்லப்பட்டு வந்தது. அறிவுரை நன்னோக்கமுடையதே. ஆனால் அதை அப்படியே பின்பற்றினால் ஊசி முடியும் நாளில் பழகும் காலமும் முடிந்துவிடும். விலங்குகளின் நடத்தையை ஆராயும் அமெரிக்க மருத்துவர் சங்கம் 2008இல் தெளிவான நிலைப்பாடு ஒன்றை வெளியிட்டது. முதல் தவணை ஊசி போட்டு ஏழு நாள் கழிந்தபின், ஏழெட்டு வார வயதிலேயே, தூய்மையான இடங்களில் குட்டியைப் பிறருடன் பழகவிடலாம் என்பதே அது. மூன்று வயதுக்குட்பட்ட நாய்கள் மாள்வதற்குத் தொற்றுநோயினும் நடத்தைக் கோளாறே பெருங்காரணம் என்றும் அது சுட்டியது. கைவிடப்பட்டும் கருணைக்கொலை செய்யப்பட்டும் மாளும் நாய்களின் கணக்கு அது.

நம் தெருக்களில் நோய்க்கிருமி மிகுதி என்பதை மறுப்பதற்கில்லை. எனவே குட்டியைத் தரையில் விடாமல் கையிலோ கூடையிலோ ஏந்திச் செல்வதே நமக்கு ஏற்ற வழி. ஆட்டோவில் அமர்த்திக் கடற்கரைச் சாலையில் ஒரு சுற்று, கடைத்தெருவின் ஓரத்தில் பத்து நிமிடம், இரயில்வே கடவுப்பாதை அருகே சிறிது நேரம் என்று நாளொன்றுக்கு ஒரு புதுக்காட்சி போதும். தெருநாய்கள் திரியும் மண்ணில் அதன் பாதம் படலாகாது. ஊசி போட்ட, சாதுவான நாய் உறவினர் வீட்டில் இருக்குமாயின் அதனுடன் விளையாடவிடலாம். விருந்தினர் வரவு நம் வீடுகளில் குறைவதில்லை. தாடி வைத்தவர், கைத்தடி ஊன்றியவர், புர்கா அணிந்தவர், மழைச்சட்டை போட்டவர், குடை விரிப்பவர், சக்கர நாற்காலியில் வருபவர் என மனித உருவத்தின் வேறுபாடுகளையெல்லாம் குட்டி காண வேண்டும். நமக்கு இவர்கள் எல்லோரும் மனிதரே. குட்டிக்கோ தலைக்கவசம் அணிந்தவர் புதியதொரு விலங்கு.

காட்டுவது ஒன்று, திணிப்பது வேறொன்று. நல்லெண்ணத்துடன் செய்யப்படும் பெருந்தவறு இதில்தான் நேர்கிறது. சனிக்கிழமை மாலை கூட்டம் நெரியும் கடைத்தெருவில் குட்டியை இறக்கிவிட்டுப் பத்துச் சிறுவர் ஒருங்கே தடவ, அது பழகிவிட்டது என்று பெருமைப்படுவோரை நாம் கண்டிருக்கிறோம். அங்கே குட்டி கற்றது கூட்டம் கொடியது என்பதையே. வாலைக் கால்களுக்கிடையில் இடுக்குதல், தூக்கமின்றியே கொட்டாவி விடுதல், உதட்டை அடிக்கடி நக்குதல், முகத்தைத் திருப்பிக்கொள்ளுதல், விருப்பமான தின்பண்டத்தையும் மறுத்தல் ஆகியவை அச்சத்தின் அறிகுறிகள். இவற்றுள் ஒன்றைக் கண்டாலும் தொலைவைக் கூட்ட வேண்டும். பத்தடியில் அஞ்சும் பொருளை முப்பதடியில் அஞ்சாது பார்க்கும். அங்கே நின்று ஒரு துண்டு உணவு கொடுத்து, அடுத்த நாள் ஓரடி நெருங்கலாம்.

ஒலிக்கும் இதே முறை பொருந்தும். மனிதச் செவி நொடிக்கு 20,000 அதிர்வு வரை உணரும் என்றால் நாயின் செவி ஏறத்தாழ 45,000 வரை உணரும். குக்கர் சீழ்க்கையும், மாவரைக்கும் இயந்திரமும், தண்ணீர் லாரியின் இரைச்சலும் அதற்கு எத்தகையவை என்று நாம் ஊகிக்கலாம். ஆம்புலன்ஸின் நீண்ட ஒலிக்கு நாய் ஊளையிடுவதைச் சாவுக்குறி என்பர் சிலர். நெடிதாய் இழுக்கும் ஒலிக்கு மறுகுரல் தரும் இயல்பன்றி அதில் வேறொன்றுமில்லை. உண்மையான இடர் தீபாவளி வெடியே. ஆண்டுதோறும் அன்றிரவு வார் அறுத்து ஓடித் தொலையும் நாய்கள் எத்தனை! வெடியோசைப் பதிவைக் குட்டி உண்ணும் வேளையில் மிக மெல்லிதாக ஒலிக்கச் செய்து, வாரந்தோறும் சிறிது சிறிதாக உயர்த்திவர வேண்டும். ஆடி மாதத்தில் தொடங்கினால்தான் ஐப்பசிக்குள் பயன் தெரியும். தீபாவளிக்கு முதல் நாள் தொடங்குவோர் தொடங்காதிருத்தலே நன்று.

எல்லோரிடமும் ஓடிச் சென்று குழையும் நாயே நன்கு பழகிய நாய் என்று கருதுவோர் உளர். நாம் அவ்வாறு கருதவில்லை. ஐவேளைத் தொழுகைக்காக ஒளூச் செய்து படியிறங்கும் பெரியவரை எண்ணிப் பாருங்கள். ஷாஃபிஈ மத்ஹபைப் பின்பற்றுபவராயின், நாயின் எச்சில் பட்ட இடத்தை ஏழுமுறை கழுவ வேண்டும். அவற்றுள் ஒருமுறை மண் கலந்த நீரால் கழுவுதல் வேண்டும். பாய்ந்து நக்கும் நாயின் பாசம் அவருக்குப் பெருந்தொல்லை. தாகத்தால் நாக்குத் தொங்கிய நாய்க்கு நீர் புகட்டியவர் மன்னிக்கப்பட்டார் என்ற நபிமொழியை அவரும் அறிவார். அவ்விரக்கம் அவரிடமும் உண்டு. அவர் வேண்டுவது விலகி நிற்கும் ஒரு நாயை மட்டுமே. ஆகவே நகரத்து நாய்க்கு நாம் கற்பிக்க வேண்டியது அயலாரைக் கண்டும் காணாததுபோல் அமைதியாக இருத்தலே. யாரேனும் எதிர்வரும்போது தலைவனின் முகத்தை நோக்கினால் உணவு என்று சிறுவயதிலேயே பழக்கிவிட்டால், அது வளர்ந்தபின் மின்தூக்கியின் மூலையில் ஒதுங்கி நிற்கும்.

தனித்திருத்தலும் ஒரு பாடமே. 2020ஆம் ஆண்டின் ஊரடங்கில் வீட்டுக்கு வந்த குட்டிகள் அயலாரையும் கண்டதில்லை, தனிமையையும் அறிந்ததில்லை. அலுவலகங்கள் திறந்ததும் கதவைப் பிறாண்டி நாளெல்லாம் குரைத்த நாய்களால் அண்டை வீட்டாரோடு பூசல் வளர்ந்தது. இரண்டு நிமிடம், ஐந்து நிமிடம், அரை மணி என்று குட்டியைத் தனியே விட்டுத் திரும்புவதை முதல் மாதத்திலேயே தொடங்கிவிட வேண்டும்.

இனத்தின் இயல்பையும் புறக்கணித்தல் ஆகாது. 2005இல் அஞ்சல்தலையில் இடம்பெற்ற நம் இராசபாளையம் நாய், காட்டுப்பன்றி வேட்டைக்கும் காவலுக்குமென வளர்க்கப்பட்டது. ஐயுறும் குணம் அதன் குருதியில் உண்டு. சிப்பிப்பாறை நாயோ முயலைத் துரத்தும் வேகத்துக்கெனவே பெருக்கப்பட்டது. இவற்றை மாடிக் குடியிருப்பில் வளர்ப்போர் மற்றவரைவிட முந்தித் தொடங்கி நெடுநாள் தொடர வேண்டும். பச்சைக்கிளியைப் பழக்குவது எப்படி என்று வினவுவோருக்கு விடை எளிது. 1972ஆம் ஆண்டின் வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டப்படி அதனைக் கூண்டில் வைத்தலே குற்றம்.

காலம் கடந்து வந்த நாய்க்கு வழியே இல்லையா எனின், ஓரளவு உண்டு. தெருவிலிருந்து மீட்ட நாயும், காவலுக்கெனச் சங்கிலியில் வளர்ந்த நாயும் மாதக்கணக்கில் உழைத்தால் அமைதி பெறக்கூடும். முதல் சில வாரங்களில் விருந்தினரை அதனிடம் அழைத்துச் செல்லாமல், ஒரே நேரம், ஒரே பாதை, ஒரே ஆள் என்று வாழ்வை எளிதாக்குதல் நலம். வாய்க்கூடு அணிவதையும் உணவைக் காட்டிப் படிப்படியாகப் பழக்கலாம். அதை இழிவாகக் கருதுதல் வேண்டா. வெறிநோய்த் தடுப்பூசி ஆண்டுதோறும் தவறலாகாது. சில நாய்கள் எவ்வளவு முயன்றும் மாறுவதில்லை. அவற்றின் உரிமையாளர் படிக்கட்டில் ஆள் நடமாட்டம் தொடங்குமுன், விடியற்காலை ஐந்து மணிக்கே, வாரைக் கையில் இறுகப் பற்றி, மின்தூக்கியைத் தவிர்த்துப் படிவழியே இறங்கி நடந்துவருதலே முறை.