குறும்படத்திற்குச் சொந்த இசை: இளைஞர்கள் கவனிக்க வேண்டியவை

நம் இளைஞர்கள் பலர் கைக்காசைப் போட்டுக் குறும்படம் எடுக்கிறார்கள். படப்பிடிப்பு முடியும்போது பணமும் தீர்ந்துவிடுகிறது. சோகக் காட்சிக்குப் பழைய சினிமா பாட்டு ஒன்றை ஒட்டிவிடுகிறார்கள். சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது.

ஒரு பாட்டில் மெட்டுக்கும் வரிக்கும் உரிமை உண்டு. ஒலிப்பதிவுக்குத் தனி உரிமை உண்டு. அனுமதி வாங்காத படத்தை விழாக்கள் ஏற்கத் தயங்கும். யூடியூப்பில் போட்டால் ஒலி முடக்கப்படலாம், அல்லது விளம்பர வருமானம் பாட்டின் உரிமையாளருக்குப் போகலாம்.

சொந்த இசைக்குப் பெரிய வாத்தியக் குழு தேவையில்லை. சத்யஜித் ராயின் 'பதேர் பாஞ்சாலி' (1955) படத்திற்கு ரவிசங்கர் ஏறக்குறைய 11 மணி நேரத்தில் இசைப்பதிவை முடித்துக் கொடுத்தார். அதில் சிதாரும் புல்லாங்குழலும் முக்கிய இடம் பெற்றன.

நம் நாட்டிலேயே உதாரணம் இருக்கிறது. சஞ்சை குமார் பெருமாள் இயக்கிய 'ஜகாட்' (2015), தோட்டத்தை விட்டு வெளியேறிய குடும்பங்களின் 1990களின் வாழ்க்கையைச் சொல்கிறது. 2016இல் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாகத் தேர்வானது. அதற்கு இசை தந்தது ஈப்போவைச் சேர்ந்த கமால் சப்ரானின் 'ஸ்பேஸ் காம்புஸ் எக்ஸ்பெரிமெண்ட்' குழு. காம்புஸ் என்பது மலாய் இசையில் வழங்கும் நரம்பு வாத்தியம். தமிழ்ப் படத்திற்கு இசை சென்னையிலிருந்துதான் வர வேண்டும் என்பதில்லை.

சுவா, போர்ட்டிக்சன் வட்டாரத் தோட்டங்களில் வளர்ந்தவர்களுக்கு ஒலிப் பஞ்சம் கிடையாது. கோயில் திருவிழாவின் உறுமி மேளம், செம்பனை ஓலையில் விழும் மழை, பால் மரத்தில் உளி இழுக்கும் ஓசை எல்லாம் கைப்பேசியிலேயே பதிவாகும். அவற்றோடு ஒரு கீபோர்டு சேர்ந்தால் ஒரு குறும்படத்திற்குப் போதும்.

இசையமைப்பாளரும் இயக்குநரும் முதலில் படத்தைச் சேர்ந்து உட்கார்ந்து பார்க்க வேண்டும். எந்த நிமிடத்தில் இசை தொடங்கும், எங்கே நிற்கும், எங்கே மௌனம் என்று குறித்துக்கொள்ள வேண்டும். நடிகரின் முகமே துயரத்தைச் சொல்லிவிட்டால் அங்கே வயலின் வேண்டாம். பி.எஸ். வினோத்ராஜின் 'கொட்டுக்காளி' (2024) பின்னணி இசையே இல்லாமல் வந்த படம்.

கடைசியாக, பலர் மறந்துவிடும் ஒன்று: எழுத்து ஒப்பந்தம். மலேசியாவின் 1987ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி, ஒருவர் கேட்டுக்கொண்டதன் பேரில் உருவாக்கிய படைப்பின் உரிமை, வேறு உடன்பாடு இல்லையென்றால், கேட்டவருக்கே போய்ச் சேரும். நட்புக்காக இலவசமாக இசையமைத்தவர், நாளை அதே மெட்டை வேறு படத்திலோ ஆல்பத்திலோ பயன்படுத்த முடியாமல் போகலாம்.

இசை யாருக்குச் சொந்தம், எந்தப் படத்திற்கு மட்டும், பெயர் எப்படி வரும், விற்றால் பங்கு எவ்வளவு என நான்கு வரி எழுதி இருவரும் கையொப்பமிட்டால், படமும் தப்பும், நட்பும் தப்பும்.